நாலு பென்னி

வைட்சேப்பல் தெருக்களில் ‘ரிப்பர்’ நடை நடத்தும் வழிகாட்டிகளுக்கு,

வணக்கம்.

நான் கிழக்கு லண்டனில் மேனர் பார்க்கில் குடியிருக்கிறேன். பதினோரு வருடமாக வைட்சேப்பலில் ஒரு மருத்துவமனையில் இரவு வேலை. 1888-ல் இந்தத் தெருக்களில் ஐந்து பெண்களைக் கொன்றுவிட்டுக் கடைசிவரை பிடிபடாமலே போன, ‘ரிப்பர்’ என்று நீங்கள் சொல்லும் ஒருவனின் கதையைச் சொல்ல, நான் வேலைக்கு வரும் நேரத்தில்தான் நீங்களும் ஆட்களைக் கூட்டிக்கொண்டு கிளம்புகிறீர்கள். அதனால் உங்களில் பல பேரை முகம் தெரியும். மழையிலும் குளிரிலும் இரண்டு மணி நேரம் நின்றபடியே பேசுவது லேசுப்பட்ட வேலை இல்லை. நானும் கால் கடுக்க நிற்கிற பிழைப்பில் இருப்பவள். உங்கள் சோற்றில் மண்ணைப் போட இதை எழுதவில்லை என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

இதையே ஆங்கிலத்தில் எழுதி உங்களில் சிலருக்கு அனுப்பியும் இருக்கிறேன். தமிழிலும் எழுதக் காரணம், கோடை விடுமுறைக்கு ஊரிலிருந்து வரும் எங்கள் பிள்ளைகள். பெரிய ராட்டினம், டவர் பிரிட்ஜ், மெழுகுச் சிலைகள் என்று அவர்கள் கொண்டுவரும் பட்டியலில் உங்கள் நடையும் இருக்கிறது. அவர்களும் இதைப் படிக்க வேண்டும்.

போன ஆகஸ்டில் என் அக்கா மகள் வந்திருந்தாள். பத்தொன்பது வயது. அவள் ஆசைப்பட்டாள் என்று லீவு போட்டுவிட்டு நானும் கூட வந்தேன். எந்த நிறுவனம், யார் வழிகாட்டி என்பதெல்லாம் இங்கே வேண்டாம். அவர் நல்ல பேச்சுக்காரர். எங்கே குரலைத் தாழ்த்த வேண்டும், எங்கே நிறுத்தி மூச்சு விட வேண்டும் என்று தெரிந்தவர். முப்பது பேர் வாய் பிளந்து கேட்டோம்.

கொலை நடந்த இடங்களில் ஒன்றான மைட்டர் சதுக்கத்துக்கு வந்ததும் கூட்டத்திலிருந்து ஒரு பெண்ணை முன்னால் கூப்பிட்டார். இங்கே நில்லுங்கள், நீங்கள்தான் கேத்தரின் என்றார். அவளுக்குப் பின்னால் போய் நின்று, கழுத்துக்குக் குறுக்கே காற்றில் விரலை இழுத்துக் காட்டினார். கூட்டம் சிரித்தது. அந்தப் பெண்ணும் சிரித்தாள், வேறென்ன செய்வாள் பாவம். அப்புறம் கைக்குள் அடங்குகிற ப்ரொஜெக்டர் ஒன்றை எடுத்து, பிணவறையில் எடுத்த படத்தைச் சுவரில் போட்டார். நாலைந்து பேர் போனை உயர்த்தி அதைப் படம் பிடித்துக்கொண்டார்கள். அந்தச் சதுக்கத்தை ஒட்டி ஓர் ஆரம்பப் பள்ளிக்கூடம் இருக்கிறது. பகலில் பிள்ளைகள் விளையாடும் சத்தம் அங்கே கேட்கும்.

கொலைகாரனின் பெயரை எத்தனை தடவை சொல்கிறார் என்று அதற்குப் பிறகு எண்ண ஆரம்பித்தேன். நாற்பதில் விட்டுவிட்டேன்.

திரும்பும் ரயிலில் அக்கா மகள் கேட்டாள்: “சித்தி, முதல்ல செத்துப்போன அந்தம்மா பேரு என்ன?” எனக்கும் நினைவு வரவில்லை. இரண்டு மணி நேரம் கேட்டிருக்கிறோம். கத்தியின் நீளம் நினைவிருக்கிறது, அந்தப் பெயர் இல்லை. வீட்டுக்கு வந்து தேடினேன். அப்போதுதான் தெரிந்தது, அவள் எங்கள் பக்கத்துக்காரி ஆகிப்போனவள். எங்கள் வீட்டிலிருந்து நடந்துபோகிற தூரத்தில், சிட்டி ஆஃப் லண்டன் கல்லறைத் தோட்டத்தில், 1888 செப்டம்பர் 6-ம் தேதி அவளைப் புதைத்திருக்கிறார்கள். மேரி ஆன் நிக்கல்ஸ். எல்லோரும் கூப்பிட்டது பாலி என்று.

அன்றிலிருந்து இந்த ஒரு வருடமாக, கிடைத்ததையெல்லாம் படித்துக்கொண்டிருக்கிறேன். நீங்கள் என்னைவிட நிறையப் படித்தவர்கள், அதுவும் எனக்குத் தெரியும். மரண விசாரணையில் யார் என்ன சாட்சி சொன்னார்கள் என்பதெல்லாம் உங்களுக்குத் தலைகீழ்ப் பாடம். அதனால்தான் கேட்கிறேன்: இவ்வளவும் தெரிந்துவைத்துக்கொண்டு, ஏன் எங்களுக்குக் கொலையை மட்டும் காட்டுகிறீர்கள்?

பாலியையே எடுத்துக்கொள்வோம். பூட்டு செய்கிறவரின் மகள். அச்சகத் தொழிலாளியைக் கட்டிக்கொண்டாள். ஐந்து பிள்ளைகள். தேம்ஸுக்குத் தெற்கே ஸ்டாம்ஃபோர்ட் ஸ்ட்ரீட்டில், உழைக்கும் குடும்பங்களுக்கென்று பீபாடி அறக்கட்டளை கட்டிய குடியிருப்பில் வாழ்ந்தவள். கணவன் மனைவிக்குள் சண்டை, குடி, பிரிவு. அப்புறம் ‘வொர்க் ஹவுஸ்’ என்ற ஏழைகள் விடுதி, தெரு, மறுபடி விடுதி. 1888 மே மாதம் வாண்ட்ஸ்வொர்த்தில் ஒரு வீட்டில் வேலை கிடைத்தது. அங்கிருந்து அப்பாவுக்கு ஒரு கடிதம் போட்டாள். புது இடத்தில் நிலையாகிவிட்டேன், முன்னும் பின்னும் மரமும் தோட்டமுமாகப் பெரிய வீடு, நல்ல மனிதர்கள், எனக்கு வேலையும் அதிகமில்லை என்று எழுதியிருக்கிறாள். பையனுக்கு வேலை இருக்கிறதா என்று விசாரித்திருக்கிறாள். சீக்கிரம் பதில் போடுங்கள் என்று முடித்திருக்கிறாள். ஊரை விட்டு வந்த யாருக்கும் இந்தக் கடிதம் புதிதாக இருக்காது. நான் 2013-ல் இங்கே வந்து அம்மாவுக்கு முதலில் பேசினபோது சொன்னதும் ஏறக்குறைய இதுதான்: வீடு நல்லா இருக்கு, வேலை கஷ்டமில்லை, தம்பிக்கு ஏதாவது அமைஞ்சுதா.

இரண்டு மாதத்தில் அந்த வீட்டிலிருந்து துணிமணிகளை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். அதையும் சொல்லத்தான் வேண்டும். அவளைத் தேவதையாக்க நான் வரவில்லை.

ஆகஸ்ட் 31 அதிகாலை. 43 வயது முடிந்து ஐந்து நாள் ஆகியிருந்தது. திரால் ஸ்ட்ரீட்டில் 18-ம் எண் தங்கும் விடுதி. ஓர் இரவுக்கு ஒரு கட்டில் நாலு பென்னி. அவள் கையில் அது இல்லை. வெளியே போ என்றார்கள். சிரித்துக்கொண்டே போயிருக்கிறாள்: காசு இதோ கொண்டுவந்துவிடுகிறேன், என் தொப்பி எவ்வளவு அழகாக இருக்கிறது பாருங்கள் என்று. வெல்வெட் துணி வைத்துத் தைத்த கறுப்பு வைக்கோல் தொப்பி, யாரும் அவளிடம் அதற்கு முன் பார்த்ததில்லை. இரண்டரை மணிக்கு ஆஸ்பர்ன் ஸ்ட்ரீட் முனையில் அறைத் தோழி ஒருத்தி அவளைப் பார்த்தாள், வா போகலாம் என்று கூப்பிட்டாள். கட்டில் காசு இன்று மூன்று தடவை கையில் இருந்தது, குடித்துவிட்டேன் என்று சொல்லிவிட்டு, கிழக்கே வைட்சேப்பல் ரோட்டில் தள்ளாடிப் போனாள். ஒரு மணி நேரம் கழித்து பக்ஸ் ரோவில், இன்றைய டர்வர்ட் ஸ்ட்ரீட்டில், வண்டிக்காரர் ஒருவர் வேலைக்குப் போகும் வழியில் அவளைக் கண்டார். அவளிடம் இருந்தது ஒரு சீப்பு, ஒரு கைக்குட்டை, உடைந்த கண்ணாடித் துண்டு ஒன்று. யாரென்று கண்டுபிடிக்க உதவியது, உள்பாவாடையில் குத்தியிருந்த லாம்பெத் ஏழைகள் விடுதியின் முத்திரை.

அந்த டர்வர்ட் ஸ்ட்ரீட், வைட்சேப்பல் ஸ்டேஷனுக்கு நேர் பின்னால். வேலைக்குச் சீக்கிரம் வந்துவிட்டால் அந்த வழியாகத்தான் சூப்பர் மார்க்கெட்டுக்குப் போய்ப் பால் வாங்குவேன். எத்தனை வருடம்!

இந்த நாலு பென்னியைப் பிடித்துக்கொண்டு போனால் மற்றவர்களும் வந்துவிடுகிறார்கள். ஆனி சாப்மன் ஒரு வண்டியோட்டியின் மனைவி. மூன்று பிள்ளைகள், மூத்தவள் பன்னிரண்டு வயதில் மூளைக்காய்ச்சலில் போனாள். பிரிந்திருந்த கணவர் வாரம் 10 ஷில்லிங், அதாவது 120 பென்னி, அனுப்பிக்கொண்டிருந்தார். 1886 கடைசியில் அவர் இறந்தார், பணமும் நின்றது. அதற்குப் பிறகு குரோஷே பின்னியும் பூ விற்றும் ஓட்டினாள். செப்டம்பர் 8 அதிகாலையில் டார்செட் ஸ்ட்ரீட் விடுதியில் அவளிடமும் கட்டில் காசு கேட்டார்கள். அவளிடமும் இல்லை. என் கட்டிலை வேறு யாருக்கும் கொடுத்துவிடாதீர்கள், வந்துவிடுகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனாள். நுரையீரலில் முற்றிய நோய் இருந்ததைப் பிரேதப் பரிசோதனை செய்த மருத்துவர் கண்டார். கிழிந்த உறைத் தாளில் சுற்றிய இரண்டு மாத்திரைகள் உடல் அருகே கிடந்தன. ராத்திரி வார்டில் வேலை செய்கிற எனக்கு அந்த இரண்டு மாத்திரையைத் தாண்டி யோசிக்க முடியவில்லை. நீங்கள் அவள் இறந்துகிடந்த ஹான்பரி ஸ்ட்ரீட்டில் நின்று அடிவயிற்றில் என்ன செய்தான் என்று விவரிக்கிறீர்கள். அவள் எப்படியும் நோயாளி, அன்று இரவு படுக்கையில் இருந்திருக்க வேண்டியவள் என்பதை ஏன் சொல்வதில்லை?

கேத்தரின் எடோஸ், அதாவது கேட். மைட்டர் சதுக்கத்தில் நீங்கள் நடித்துக் காட்டுகிறவள். உல்வர்ஹாம்ப்டனில் தகரப் பட்டறைத் தொழிலாளியின் வீட்டில் பிறந்தவள். அந்த செப்டம்பரில் அவளும் அவள் துணைவர் ஜான் கெல்லியும் கென்ட் பக்கம் ஹாப்ஸ் என்ற, பீரில் சேர்க்கிற பூவைப் பறிக்கப் போய்விட்டு, கையில் ஒன்றும் மிஞ்சாமல் திரும்பினார்கள். அவருக்கு ஆறு பென்னி கூலி கிடைத்தது. நாலை நீ வைத்துக்கொண்டு விடுதிக்குப் போ, நான் இரண்டோடு மைல் எண்டில் ஏழைகள் விடுதிக்குப் போகிறேன் என்று பிரித்துக் கொடுத்தவள் கேட். அப்புறம் அவருடைய பூட்ஸை அடகு வைத்தார்கள், இரண்டரை ஷில்லிங்குக்கு. அவள் உள்ளே போய் வைத்துவிட்டு வரும்வரை அவர் வெறுங்காலோடு வாசலில் நின்றார். அந்தக் காசில்தான் டீத்தூளும் சர்க்கரையும் வாங்கினார்கள்.

அவள் உடம்பில் இருந்த பொருள்களின் பட்டியலைப் போலீசார் எழுதிவைத்தார்கள். ஒரு சின்னத் தகரப் பெட்டியில் டீத்தூள், இன்னொன்றில் சர்க்கரை. வெள்ளைத் துணித் துண்டுகள் பன்னிரண்டு. சோப்புத் துண்டுகள். ஊசி, நூல், விரலுறை. மூக்குக் கண்ணாடி ஒன்றின் துண்டு. ஒற்றைச் சிவப்புக் கையுறை. கடுகு டப்பாவுக்குள் இரண்டு அடகுச் சீட்டு. வீடில்லாதவள் வீட்டையே மடியில் கட்டிக்கொண்டு நடந்திருக்கிறாள். எங்கள் ஆச்சி சுருக்குப் பைக்குள் வெற்றிலை, பாக்கு, பேருந்துச் சில்லறை, அடகுச் சீட்டு, தலைவலி மாத்திரை எல்லாம் வைத்திருப்பாள். எதைக் கேட்டாலும் அதற்குள்ளிருந்து வரும். கேட்டின் பட்டியலைப் படித்தபோது எனக்கு அந்தப் பைதான் கண்ணில் நின்றது. நீங்கள் சுவரில் போட வேண்டியது இந்தப் பட்டியலை. பிணவறைப் படத்தை இல்லை.

எலிசபெத் ஸ்ட்ரைட் ஸ்வீடனில் ஒரு பண்ணை வீட்டில் பிறந்து 1866-ல் லண்டனுக்கு வந்தவள். தச்சரைக் கட்டிக்கொண்டு பாப்லரில் காபிக் கடை நடத்தினாள். இறந்த அன்றும் விடுதி அறைகளைக் கூட்டிப் பெருக்கி ஆறு பென்னி சம்பாதித்திருந்தாள். மேரி ஜேன் கெல்லிக்கு ஏறக்குறைய இருபத்தைந்து வயது. மில்லர்ஸ் கோர்ட்டில் வாரம் நாலரை ஷில்லிங் வாடகைக்கு ஓர் அறை. 29 ஷில்லிங் பாக்கி. வாடகை கேட்டுப் போன ஆள்தான் ஜன்னல் வழியாக முதலில் பார்த்தது.

ஐந்து பேரையும் ஒரே வார்த்தையில் ‘விலைமாதர்’ என்று சொல்லி முடித்துவிடுகிறீர்கள். அவர்களில் மூன்று பேருக்கு அதற்கு உறுதியான ஆதாரம் இல்லை என்று அண்மையில் வரலாறு எழுதுகிறவர்களே வாதிட்டிருக்கிறார்கள், உங்களுக்கும் தெரியும். அந்த வாதத்தில் யார் பக்கம் நியாயம் என்பது எனக்கு அவ்வளவு முக்கியமில்லை. அந்தத் தொழில் செய்தவளாகவே இருந்தாலும் என்ன குறைந்துவிட்டது? நாலு பென்னிக்கு அன்றைக்கு வேறு வழி என்ன இருந்தது என்பதைத்தான் எனக்குத் தெரிந்துகொள்ள ஆசை.

அதற்குப் பதிலும் அந்த வட்டாரத்திலேயே இருக்கிறது. அந்தக் காலத்தில் கிழக்கு லண்டன் பெண்கள் வீட்டில் உட்கார்ந்து தீப்பெட்டி ஒட்டினார்கள். ஒரு குரோஸுக்கு, அதாவது 144 பெட்டிக்கு, கூலி ஏறக்குறைய இரண்டேகால் பென்னி. பசையும் நூலும் அவர்கள் செலவு. நான் கோவில்பட்டிக்காரி. எங்கள் தெருவில் திண்ணைக்குத் திண்ணை தீப்பெட்டி ஒட்டினார்கள், எங்கள் அம்மாவும்தான். ‘குரோஸ்’ என்ற வார்த்தையை எட்டு வயதில் கற்றுக்கொண்டேன், அது என்ன மொழி என்றே தெரியாமல். பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் பசைக் கிண்ணத்தைச் சுற்றி உட்காருவோம். விரலில் காய்ந்த பசையை உரித்துக்கொண்டேதான் வாய்ப்பாடு சொல்லுவேன். அதனால் இந்தக் கணக்கை என்னால் விரலாலேயே போட முடியும். ஒரு கட்டிலுக்கு நாலு பென்னி என்றால், இருநூற்றைம்பது பெட்டிக்கு மேல் ஒட்ட வேண்டும். அதற்குப் பிறகுதான் சாப்பாடு.

இன்னொன்றும் உங்கள் நடையில் காணோம். அதே 1888, அதே கோடை, வைட்சேப்பலிலிருந்து அரை மணி, முக்கால் மணி நடை தூரத்தில் பௌ பகுதியில் பிரையன்ட் அண்ட் மே தீப்பெட்டித் தொழிற்சாலை. ஜூலை முதல் வாரத்தில் ஏறக்குறைய 1,400 பெண்களும் சிறுமிகளும் வேலையை விட்டு வெளியே வந்தார்கள். அபராதம் என்ற பேரில் கூலிப் பிடித்தம், வெள்ளைப் பாஸ்பரஸால் தாடை எலும்பு அழுகிப்போகும் நோய். அவர்களுடைய நிலையை ஜூன் மாதம் பத்திரிகையில் எழுதி வெளியே கொண்டுவந்தவர் அன்னி பெசன்ட். எங்கள் சென்னைக்கு வந்து அடையாறில் வாழ்ந்தவர், பெசன்ட் நகருக்குப் பேர் கொடுத்தவர், அதே அம்மையார்தான். இரண்டு வாரத்தில் அந்தப் பெண்கள் ஜெயித்தார்கள். அதிலிருந்து ஆறு வாரத்தில் பாலி இறந்தாள். அந்தக் கோடையில் கிழக்கு லண்டன் ஏழைப் பெண்கள் செய்த காரியம் இவ்வளவு பெரியது. ஆனால் அந்த வருடத்தைப் பற்றி உலகத்துக்குத் தெரிந்ததெல்லாம் அவர்களுக்கு ஒருவன் செய்தது மட்டும்தான். பௌவில் அந்த வேலைநிறுத்தத்துக்கு நீலப் பலகை வைத்ததே 2022-ல்.

அந்த ஒருவனுடைய பேர்கூட உண்மையான பேர் இல்லையே. 1888 செப்டம்பர் கடைசியில் ஒரு செய்தி நிறுவனத்துக்கு வந்த கடிதத்தின் அடியில் போட்டிருந்த கையெழுத்து அது. பத்திரிகைக்காரர் எவரோ எழுதியதுதான் என்று போலீஸ் அதிகாரிகளே பின்னாளில் நம்பினார்கள். அதாவது, பேப்பர் விற்பதற்காக யாரோ வைத்த பேரை 130 வருடத்துக்கு மேலாக நாம் சொல்லிக்கொண்டிருக்கிறோம். அதே பத்திரிகைகள்தான் அன்று வந்தேறி யூதர்கள்மேல் பழியைத் திருப்பின. ஜான் பைசர் என்ற செருப்புத் தொழிலாளியைப் பிடித்து உள்ளே வைத்து, குற்றமற்றவர் என்று விட்டார்கள். கூல்ஸ்டன் ஸ்ட்ரீட் சுவரில் யூதர்களைப் பற்றி எழுதியிருந்த வரியை, கலவரம் வெடித்துவிடும் என்று பயந்து, விடிவதற்குள் அழிக்கச் சொன்னார் போலீஸ் கமிஷனர். இன்றும் நடை முடிகிற இடத்தில் சந்தேகப் பட்டியலை நீட்டி, நீங்கள் யாரென்று நினைக்கிறீர்கள் என்று கை தூக்கச் சொல்கிறீர்கள். போலந்து யூதன் என்று சொல்லும்போது நிறையக் கைகள் எழுந்தன. வந்தேறி யாரையாவது சுட்டிக்காட்டுவது அவ்வளவு சுலபமாக வருகிறது. என்னோடு வந்த பெண்ணின் கையை நான் பிடித்துக்கொண்டேன்.

சரி, ஜனங்கள் காசு கொடுப்பதே பயத்துக்கும் ரத்தத்துக்கும்தானே என்று கேட்பீர்கள். அது உண்மைதான், நாங்களும் விதிவிலக்கில்லை. எங்கள் ஊரிலும் ஒரு காலத்தில் கொலைச் சிந்து என்று சந்தையிலும் ரயிலிலும் பாடி விற்றார்கள். எங்கே கொலை நடந்தாலும் சில நாளில் அச்சில் வந்துவிடும். ஆனால் அதே ஊரில் வில்லுப்பாட்டும் இருக்கிறது. எங்கள் தென்மாவட்டங்களில் அநியாயமாகக் கொலையுண்ட பெண்கள் தெய்வமாகி இருக்கிறார்கள். கொடை விழாவில் வில்லடித்துப் பாடுகிறவர், அவளுடைய அம்மா தவமிருந்ததில் தொடங்குவார். அவள் பிறந்தது, தொட்டிலில் கிடந்தது, வளர்ந்தது, ஆசைப்பட்டது எல்லாம் வரும். கொலை வருவதற்கு நடுச்சாமம் ஆகிவிடும். அதற்குள் அவள் கேட்டுக்கொண்டிருப்பவர்களின் வீட்டுப் பெண்ணாகியிருப்பாள். கொன்ற இடம் வரும்போது யாரும் சிரிக்க மாட்டார்கள். அழுகிற சத்தம் கேட்கும், சிலருக்கு அருள் வந்து ஆடுவார்கள். விடிய விடிய கூட்டம் கலையாது. ரத்தத்தைக் காட்டாவிட்டால் கூட்டம் நிற்காது என்று யாராவது சொன்னால் என்னால் நம்ப முடியாமல் போவது இதனால்தான்.

உங்கள் பக்கத்திலேயே இன்னொரு உதாரணம் இருக்கிறது. உங்களில் பலர் ஆள் சேர்க்கும் ஆல்ட்கேட் ஈஸ்ட் ஸ்டேஷனுக்கு எதிர்ப் பக்கம், கொஞ்ச தூரத்தில், ஒரு பூங்கா. வைட்சேப்பலுக்குப் பேர் வரக் காரணமான வெள்ளைத் தேவாலயம் நின்ற இடம் அது. 1978 மே 4-ம் தேதி மாலை, தையல் வேலை முடிந்து வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்த அல்தாப் அலி என்ற வங்கதேச இளைஞரை அதன் பக்கத்தில் இனவெறியில் குத்திக் கொன்றார்கள். பத்து நாள் கழித்து ஏறக்குறைய 7,000 பேர் அவருடைய சவப்பெட்டிக்குப் பின்னால் பிரதமர் வீட்டுத் தெருவரை நடந்தார்கள். 1998-ல் அந்தப் பூங்காவுக்கு அவர் பேரையே வைத்தார்கள். அங்கே மத்தியானம் புல்லில் உட்கார்ந்து சாப்பிடுகிற யாரைக் கேட்டாலும் அல்தாப் அலி பேரைச் சொல்வார்கள். குத்தியவர்கள் பேர் யாருக்கும் தெரியாது. நடந்த கொலையை ஒரு வட்டாரம் எப்படி நினைவு வைத்துக்கொள்ளலாம் என்பதை அங்கே பார்க்கலாம். அன்று எங்கள் வழிகாட்டி அந்தப் பூங்காவுக்கு முதுகைக் காட்டி நின்றுதான் டிக்கெட் சரிபார்த்தார்.

மாறவே மாறாது என்றும் இல்லை. கமர்ஷியல் ஸ்ட்ரீட் முனையில் இருக்கும் டென் பெல்ஸ் மதுக்கடைக்கு 1976 முதல் 1988 வரை கொலைகாரனின் பேர்தான் இருந்தது. பெண்கள் சேர்ந்து எதிர்த்தார்கள், பழைய பேர் திரும்பி வந்தது. கேபிள் ஸ்ட்ரீட்டில் 2015-ல், பெண்களின் வரலாற்றுக்கு என்று அனுமதி வாங்கிவிட்டு அவன் பேரில் அருங்காட்சியகம் திறந்தபோதும் ஜனங்கள் வாசலில் நின்று எதிர்த்துக் கேட்டார்கள். உங்களில் சிலர் ஏற்கெனவே வேறு மாதிரி நடத்துகிறீர்கள் என்றும் அறிகிறேன். இந்தக் கடிதம் உங்களுக்கு இல்லை, உங்களுக்கு என் நன்றி.

மற்றவர்களிடம் கேட்பது இதுதான். பிணவறைப் படங்களைப் பையிலிருந்து எடுத்துவிடுங்கள். அந்தப் பெண்களிடம் யாரும் சம்மதம் கேட்டு எடுத்த படங்கள் இல்லை அவை. எங்கள் மருத்துவமனையில் இறந்தவர் முகத்தை ஒரு போனில் படம் பிடித்தால் மறுநாள் வேலை இருக்காது; தெருவில் மட்டும் ஏன் சரியாகிறது? வந்திருக்கும் பெண்களை நிற்கவைத்து நடித்துக் காட்டுவதை விடுங்கள். பள்ளிக்கூடத்தின் ஓரத்தில் கூட்டம் சேர்க்காதீர்கள். மைட்டர் சதுக்கத்தில் மட்டுமில்லை, பழைய பெர்னர் ஸ்ட்ரீட்டில் எலிசபெத் இறந்த இடத்திலும் இன்று ஓர் ஆரம்பப் பள்ளிதான் நிற்கிறது.

அப்புறம், தொடங்குகிற இடத்தை மாற்றுங்கள். கட்டிலிலிருந்து தொடங்குங்கள். வைட்சேப்பலில் அந்த வருடம் 233 தங்கும் விடுதிகள், அவற்றில் ஏறக்குறைய 8,500 பேர் என்று போலீசாரே கணக்கு எழுதியிருக்கிறார்கள். ஒற்றைக் கட்டில் நாலு பென்னி, இரட்டைக் கட்டில் எட்டு. இல்லாதவர்கள் விடியும்வரை நடந்துகொண்டே இருக்க வேண்டும். அதைச் சொல்லிவிட்டு, ஆளுக்கொரு பழைய பென்னியைக் கையில் கொடுங்கள். பழங்காசுக் கடைகளில் விக்டோரியா ராணி தலை போட்ட வெண்கலக் காசு இன்றும் மலிவாகக் கிடைக்கிறது, நான் நாலு வாங்கி வைத்திருக்கிறேன். உள்ளங்கையில் நாலையும் அடுக்கினால் நல்ல கனம். அதைக் கையில் வைத்துக்கொண்டு இரவு ஒன்பது மணிக் குளிரில் பாலியின் தொப்பிக் கதையைக் கேட்கட்டும். கூட்டம் கலைகிறதா என்று பாருங்கள்.

முடிக்கிற இடத்தையும் மாற்றலாம். நீங்கள் காட்டுகிற தெருக்களில் பாதி இன்று இல்லை. ஹான்பரி ஸ்ட்ரீட் 29-ம் எண் வீட்டை 1970-ல் இடித்தார்கள். டார்செட் ஸ்ட்ரீட் பேரும் போய் ஆளும் போய்விட்டது. ஆனால் அந்தப் பெண்கள் இருக்கிறார்கள், எல்லோரும் எங்கள் பக்கம். பாலியும் கேட்டும் சிட்டி ஆஃப் லண்டன் கல்லறைத் தோட்டத்தில். ஆனி, ஃபாரஸ்ட் கேட்டுக்கும் மேனர் பார்க்குக்கும் நடுவில் ரயில் பாதையை ஒட்டிய மேனர் பார்க் கல்லறையில். எலிசபெத் பிளேஸ்டோவில். மேரி லேட்டன்ஸ்டோனில். முருகன் கோயிலுக்கும் காய்கறிக் கடைக்கும் போய்வருகிற வழியில் ஐந்து பேரையும் சுற்றிச் சுற்றி நாங்கள் குடியிருக்கிறோம், இத்தனை நாள் தெரியாமல்.

வைட்சேப்பலிலிருந்து எலிசபெத் லைனில் ஏறினால் மாறாமல் மேனர் பார்க் வந்துவிடலாம். ஸ்டேஷனிலிருந்து கல்லறைத் தோட்டத்துக்குப் பத்துப் பன்னிரண்டு நிமிட நடை. பாலிக்கு ஒரு சின்னப் பலகை, தரையில் பதித்திருக்கிறது. இலை விழுகிற காலத்தில் குனிந்து தள்ளிவிட்டுத்தான் படிக்க வேண்டும். போன வாரம் அக்கா மகளுக்கு அதைப் படமெடுத்து அனுப்பினேன். பேரை மட்டும் திருப்பி எழுதி அனுப்பியிருந்தாள்.

எனக்கு ஞாயிறும் திங்களும் லீவு. உங்களில் யார் வந்தாலும் காலை பத்து மணிக்கு ஸ்டேஷன் வாசலில் நிற்கிறேன். வழி நான் காட்டுகிறேன்.

அன்புடன்,
மேனர் பார்க்கிலிருந்து ஓர் இரவுப் பணிக்காரி